குமாஸ்தாவும் ராட்சசனும்

சினிமாக் கொட்டகையிலிருந்து வெளியே வருகிறவர்கள் நடிகையைப் பற்றிப் பேசுவார்கள். கொஞ்சம் விஷயம் தெரிந்தவர்கள் டைரக்டரைப் பற்றிப் பேசுவார்கள். கதை எழுதியவனைப் பற்றிப் பேசிக்கொண்டு வீடு திரும்பிய ஒருவரையும் நான் பார்த்ததில்லை. இது உலகம் பூராவும் உள்ள வழக்கந்தான் போலிருக்கிறது. கிரீஸ் தேசத்துப் படங்களைப் பற்றி யாராவது சொல்ல ஆரம்பித்தால் மெலினா மெர்க்கூரியின் பெயர் வரும். காக்கொயானிஸின் பெயர் வரும். இசையமைத்த ஹஜிதாக்கிஸ், தியோடொராக்கிஸ் இருவரின் பெயரும் வரும். இவர்கள் எல்லோருக்கும் பின்னால், கையில் பேனாவோடு ஒரு மனிதர் நின்றுகொண்டிருந்தார். இயாகோவோஸ் கம்பனெல்லிஸ் என்று பெயர். அவரைப் பற்றித்தான் சொல்லப் போகிறேன்.

1921-ல் நக்ஸோஸ் என்ற தீவில் பிறந்தவர். பெரிய குடும்பம்; குழந்தைகள் ஒன்பது பேர். பிழைப்பு நடக்காமல் 1935-ல் குடும்பம் ஏதென்ஸுக்கு வந்து சேர்ந்தது. பையன் பகலில் வேலை பார்த்தான். இரவில் தொழிற்பள்ளியில் வரைபடம் போடக் கற்றுக்கொண்டான். இப்படி வளர்ந்த பையன்கள் எல்லா ஊரிலும் உண்டு. அவர்களில் முக்கால்வாசிப் பேர் நல்ல மேஸ்திரிகளாகவும் டிராப்ட்ஸ்மேன்களாகவும் ஆகிக் கௌரவமாகவே வாழ்ந்துவிடுகிறார்கள். யுத்தம் வராவிட்டால் இவரும் அப்படித்தான் ஆகியிருப்பார் என்பது என் அபிப்பிராயம்.

1941 ஏப்ரலில் ஜெர்மானியர்கள் ஏதென்ஸுக்குள் நுழைந்தார்கள். அந்த வருஷத்துக் குளிர்காலத்தில் ஊரில் ரொட்டி இல்லை. தெருவில் மனிதர்கள் விழுந்து செத்தார்கள். காலையில் வண்டி வந்து பிணங்களை அள்ளிக்கொண்டு போகும். பல்லாயிரம் பேர் அப்படிப் போனார்கள். வயதுப் பிள்ளைகளுக்குத் தப்பி ஓடுவதைத் தவிர வேறு நினைப்பு இருந்திருக்க முடியாது. கம்பனெல்லிஸ் முதலில் மத்தியக் கிழக்குக்குப் போகப் பார்த்தார், நடக்கவில்லை. பிறகு ஆஸ்திரியா வழியாக ஸ்விட்ஸர்லாந்துக்குள் புகுந்துவிடலாம் என்று புறப்பட்டார். பிடிபட்டார். 1943-லிருந்து யுத்தம் முடிகிற வரையில் அவர் இருந்த இடத்தின் பெயர் மௌத்தௌஸென்.

லின்ஸ் நகரத்துக்குப் பக்கத்தில், டான்யூப் நதி ஓரம், கருங்கல் குவாரி ஒன்றை ஒட்டி 1938-ல் நாஜிகள் கட்டிய முகாம் அது. அந்தக் குவாரி வியன்னா நகரசபைக்குச் சொந்தமாக இருந்தது. வியன்னாவின் தெருக்களில் பாவிய கல் அங்கிருந்து போனதுதான். குவாரியின் அடியிலிருந்து மேலே வர 186 படிகள். கைதிகள் முதுகில் கல்லைச் சுமந்துகொண்டு அந்தப் படிகளில் ஏற வேண்டும். விழுந்தவன் தனக்குப் பின்னால் வருகிறவர்களையும் இழுத்துக்கொண்டு விழுவான். அந்த முகாமுக்கும் அதன் கிளைகளுக்கும் போனவர்கள் ஏறக்குறைய 1,90,000 பேர். குறைந்தது 90,000 பேர் திரும்பவில்லை. 1945 மே 5-ந் தேதி அமெரிக்கத் துருப்புகள் வந்து கதவைத் திறந்தபோது கம்பனெல்லிஸுக்கு இருபத்து நான்கு வயதுகூட நிரம்பவில்லை.

கதவு திறந்ததும் மனிதன் வீட்டுக்கு ஓடுவான் என்றுதான் நாம் நினைப்போம். இவர் உடனே ஓடவில்லை. கிரேக்கக் கைதிகளின் பிரதிநிதியாக மேலும் சில மாதங்கள் அங்கேயே தங்கினார். முகாமில் இருந்த கிரேக்க யூதர்களில் பலருக்குத் திரும்பிப் போக வீடும் இல்லை, வீட்டில் ஆளும் இல்லை. அவர்கள் பாலஸ்தீனத்துக்குப் போக விரும்பினார்கள். அங்கே ஆண்டுகொண்டிருந்த ஆங்கிலேயர்களோ கதவைச் சாத்தி வைத்திருந்தார்கள். அவர்களுக்கு ஒரு வழி பிறக்கும்வரை கூட இருந்தார் என்பது எனக்கு மிகவும் பெரிய விஷயமாகப் படுகிறது. வீரம் என்று நாம் சொல்லுவதில் பாதி ஆவேசம். இதில் ஆவேசம் ஒன்றும் இல்லை, காத்திருத்தல்தான் இருக்கிறது.

ஏதென்ஸுக்குத் திரும்பியவர், 1945-46 குளிர்காலத்தில் ஒரு நாள் நாடகம் பார்க்கப் போனார். கரோலோஸ் கூன் என்பவர் யுத்த காலத்திலேயே ஆரம்பித்து நடத்தி வந்த ‘கலை அரங்கம்’ என்ற குழுவின் நாடகம். பார்த்தவருக்குத் தலை சுற்றிவிட்டது. இதுதான் என் வேலை, நான் நடிகனாக வேண்டும் என்று தீர்மானித்தார். நாடகப் பள்ளியில் சேரப் போனால், உயர்தரப் பள்ளிச் சான்றிதழ் எங்கே என்று கேட்டார்கள். இரவுப் பள்ளியில் கோடு போடக் கற்றவரிடம் அது ஏது? திருப்பி அனுப்பிவிட்டார்கள். நடிக்க முடியாதவர் எழுத உட்கார்ந்தார். பட்டம் வாங்காமல் கல்லூரியை விட்டவன் என்ற முறையில், இந்த இடத்தைப் படிக்கும்போதெல்லாம் அந்தப் பள்ளிக் குமாஸ்தாவுக்கு மனசுக்குள் ஒரு நமஸ்காரம் போடுகிறேன். அவர் விதியைச் சரியாகப் பார்த்தார். கிரேக்க நாடகத்துக்கு ஒரு ஆசிரியர் கிடைத்தார்.

முதல் நாடகம் 1950-ல் மேடை ஏறியது. ஆனால் நாடகம் எழுதினால் அடுப்பு எரியாது. அப்போது கிரீஸ் எந்த நிலையில் இருந்தது என்பதையும் வாசகர்கள் நினைத்துப் பார்க்க வேண்டும். ஜெர்மானியர் போனதும் 1946 முதல் 1949 வரை உள்நாட்டுச் சண்டை. தோற்ற கட்சிக்காரர்களை மக்ரோநிஸோஸ் போன்ற பொட்டல் தீவுகளுக்கு அனுப்பினார்கள். கிராமங்கள் காலியாகி ஏதென்ஸ் வீங்கிக்கொண்டிருந்தது. சினிமாத் தொழில் அப்போதுதான் தவழ ஆரம்பித்திருந்தது. வேலை கிடைக்காத எழுத்தாளனுக்கு அது ஒரு வாசல்.

அந்தக் காலத்தில் அவர் எழுதி மேடை ஏறாமல் வைத்திருந்த நாடகம் ஒன்று: ‘சிவப்புக் கையுறை போட்ட ஸ்தெல்லா’. ஸைப்ரஸிலிருந்து வந்த இளைஞர் மிஹாலிஸ் காக்கொயானிஸ் அதை வாங்கித் திரைக்கு ஏற்றபடி எழுதிப் படம் பிடித்தார். 1955-ல் ‘ஸ்தெல்லா’ வெளிவந்தது. மெலினா மெர்க்கூரிக்கு அதுதான் முதல் படம்.

ஸ்தெல்லா ஒரு மதுக்கடையில் பாடுகிறவள். ஆண்களை நேசிப்பாள், கல்யாணம் செய்துகொள்ள மாட்டாள். கல்யாணம் என்றால் தன் உயிரை யாரோ எழுதி வாங்கிக்கொள்வது மாதிரி அவளுக்கு. மில்தோஸ் என்ற பந்தாட்டக்காரனை மனமார நேசிக்கிறாள். அவன் கட்டாயத்துக்கு இணங்கிச் சரி என்றும் சொல்லிவிடுகிறாள். கோயிலில் மாப்பிள்ளை, உற்றார் உறவினர், பாதிரியார் எல்லோரும் காத்திருக்கிறார்கள். அவள் போகவில்லை, வேறு ஒரு வாலிபனோடு விடிய விடிய ஆடுகிறாள். பொழுது விடிகிற நேரம், வெறிச்சென்ற தெருமுனையில் கத்தியோடு நிற்கிறான் மில்தோஸ். ஓடிப்போய்விடு என்கிறான் அவன். அவள் ஓடவில்லை. அவனை நோக்கி நடக்கிறாள்.

இதை ‘கார்மென்’ கதையின் நகல் என்று சொன்னவர்கள் உண்டு. எனக்கு ஒப்புதல் இல்லை. கார்மென் நாடோடி; ஊருக்கு வெளியே பிறந்தவள். ஸ்தெல்லா ஊருக்குள்ளேயே, அண்டை அயலாருக்கு நடுவில், அவர்கள் பிரியத்தோடேயே வாழ்கிறவள். அவள் மறுப்பது அந்தப் பிரியம் கேட்கிற விலையை. கொல்லுகிறவனும் கெட்டவன் அல்ல. அவனுக்குப் பின்னால் அவன் தாயும் தெருவும் ஊர் மானமும் நின்று கையைத் தள்ளுகின்றன. கார்மெனைப் படித்தால் விதி என்று பெருமூச்சு விடலாம். இதைப் பார்த்தால் பக்கத்து வீட்டுக்காரரின் முகத்தைப் பார்க்கக் கூச்சமாயிருக்கும்.

கான் படவிழாவுக்கு ‘ஸ்தெல்லா’ போயிற்று. 1956-ல் அமெரிக்காவில் அந்நியப் படத்துக்கான கோல்டன் குளோப் பரிசும் வாங்கிற்று. சொந்த ஊரில்? வலதுசாரிப் பத்திரிகைகள் ஒழுக்கம் போச்சு என்றன. இடதுசாரிகள், மதுக்கடையும் புஸூக்கி வாத்தியமும்தானா நம் ஜனங்களின் வாழ்க்கை என்று கோபித்துக்கொண்டார்கள். புஸூக்கி என்பது நீண்ட கழுத்துள்ள தந்தி வாத்தியம். கஞ்சாப் புகையும் சிறைச்சாலையும் சேர்ந்து வளர்த்த பாட்டுக்களுக்கு உரியது. மரியாதைப்பட்டவர்கள் வீட்டில் அதற்கு இடம் கிடையாது. 1949-லேயே ஹஜிதாக்கிஸ் அந்தப் பாட்டுக்களைப் பற்றி ஒரு பிரசங்கம் செய்து பெரிய மனிதர்களை அதிர வைத்திருந்தார். அவரே ‘ஸ்தெல்லா’வுக்கு இசை போட்டார். இன்னொரு வேடிக்கை: மதுக்கடைக்காரியாக நடித்தவர் ஸோபியா வெம்போ. 1940-ல் இத்தாலி படையெடுத்தபோது தேசபக்திப் பாட்டுக்கள் பாடி நாட்டையே எழுப்பியவர். அவர் பாட்டைக் கேட்டு அன்று அழுதவர்கள்தான் இப்போது படத்தைப் பார்த்து முகம் சுளித்தார்கள்.

திரைக்கதை என்று படத்தில் காக்கொயானிஸின் பெயர்தான் இருக்கிறது. மூலம் கம்பனெல்லிஸின் நாடகம். கதை யாருடையது? என்னுடைய கதை ஒன்றை ஒரு கம்பெனி வாங்கிப் படமாக்கியது. முதல் நாள் போய் உட்கார்ந்தவனுக்கு இடைவேளைக்குள் மூன்று இடங்களில்தான் என் கதை அடையாளம் தெரிந்தது. ஆகையால் இந்தக் கேள்வியில் நான் நடுநிலையானவன் அல்ல. இருந்தாலும் ‘ஸ்தெல்லா’வில் காக்கொயானிஸின் பங்கு பெரியது என்று ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். அந்த விடியற்காலைத் தெருவை எழுத்தில் எழுதிவிட முடியாது.

அடுத்த படத்தில் அந்தச் சந்தேகத்துக்கே இடமில்லை. 1956-ல் வந்த ‘ஓ திராக்கோஸ்’. ‘ராட்சசன்’ என்று சொல்லலாம். திரைக்கதை முழுவதும் கம்பனெல்லிஸ் எழுதியது. டைரக்டர் நிக்கோஸ் குந்தூரோஸ், மக்ரோநிஸோஸ் தீவில் கைதியாக இருந்துவிட்டு வந்தவர். நாஜி முகாமிலிருந்து ஒருவர், சொந்த சர்க்கார் முகாமிலிருந்து ஒருவர். இரண்டு பேரும் சேர்ந்து முகாமைப் பற்றி ஒரு வார்த்தை இல்லாத படம் எடுத்தார்கள். ஆனால் அந்த இரண்டு இடங்களையும் அறியாதவர்களால் எடுத்திருக்க முடியாத படம்.

தோமாஸ் ஒரு பாங்கு குமாஸ்தா. வருஷம் முடிகிற நாள் இரவு. எல்லோருக்கும் போக ஒரு வீடு இருக்கிறது, அவனுக்கு இல்லை. பத்திரிகையில் போலீஸ் தேடும் ஒரு பயங்கரக் கொள்ளைக்காரனின் படம் வந்திருக்கிறது. பார்த்தால் அது தன் முகம்! வேறு யாரோ; ஆனால் அச்சு அசல் இவன்தான். பயந்து ஓடுகிறான். ஓடி ஒளிகிற இடம் ஒரு கேளிக்கை விடுதி. அங்கே இருக்கும் கூட்டத்தார் இவனைப் பார்த்ததும் எழுந்து நிற்கிறார்கள். நம் தலைவன் வந்துவிட்டான்! அவர்கள் திட்டம் என்ன தெரியுமா? ஏதென்ஸில் ஸீயுஸ் தேவனின் கோயிலில் நிற்கிற பழைய தூணைக் கழற்றி ஒரு அமெரிக்கனுக்கு விற்பது.

வாழ்நாளில் யாரும் ஏறிட்டுப் பார்க்காத குமாஸ்தாவை முதல்முதலாக மனிதர்கள் மரியாதையோடு பார்க்கிறார்கள். ஒரு பெண் பிரியமாகப் பார்க்கிறாள். நான் அவன் அல்ல என்று சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. கொஞ்ச நேரம் கழித்துச் சொல்ல விருப்பமும் இல்லை. ராட்சசனாக இருந்து பார்க்கிறான். நிஜம் தெரிந்தபோது அந்த மனிதர்களே அவனைக் கொன்றுவிடுகிறார்கள். ராட்சசனாக இருந்ததற்காக அல்ல. ராட்சசனாக இல்லாமல் போனதற்காக.

இதில் ஒரு சாமர்த்தியம், தோமாஸாக நடித்தவர் தீனோஸ் இலியோபுலோஸ். ஜனங்களைச் சிரிக்க வைப்பதற்கென்றே பெயர் எடுத்தவர். சிரிக்கத் தயாராக வந்து உட்கார்ந்தவர்கள் சிரிப்புத் தொண்டையில் நிற்க வெளியே போனார்கள். பிறகு வருகிறவர்களையும் வராதே என்று சொல்லிவிட்டார்கள் போலும். படம் ஓடவில்லை. இந்த முறையும் வலது, இடது இரண்டு பக்கத்தாரும் ஏசினார்கள். வெனிஸ் விழாவில் காட்டினார்கள் என்பது தவிர அன்றைக்கு ஒரு ஆறுதலும் இல்லை. பல வருஷங்களுக்குப் பிறகு கிரேக்க விமர்சகர்கள் தங்கள் தேசத்தின் சிறந்த படங்களை வரிசைப்படுத்தியபோது இதைத் தூக்கி முதல் வரிசையில் வைத்தார்கள். ‘ஸ்தெல்லா’வைவிட இதுவே பெரிய படைப்பு என்பது என் கட்சி. ஸ்தெல்லாவுக்குத் தான் யார் என்று தெரியும்; அதனால் அவள் சாவில் ஒரு கம்பீரம் இருக்கிறது. தோமாஸுக்கு அதுவும் இல்லை. ஒரு புகைப்படமும் ஒரு சந்தேகமும் போதும், ஒரு மனிதனை இன்னொருவனாக்கிவிட. போலீஸ் ரிக்கார்டுகளும் நற்சான்றுப் பத்திரங்களும் மனிதனின் வேலையையும் சோற்றையும் தீர்மானித்துக்கொண்டிருந்த நாட்டில், உட்கார்ந்து பார்த்தவர்களுக்கு இது வெறும் கற்பனையாக இருந்திருக்காது.

1957-ல் அவர் நாடகம் ‘அற்புதங்களின் முற்றம்’ கூனின் குழுவில் அரங்கேறியது. எந்த மேடையைப் பார்த்து மயங்கினாரோ அதே மேடை. வைரோனாஸ் என்ற பேட்டையில் ஒரு முற்றம். அதைச் சுற்றி ஒண்டுக் குடித்தனங்கள். 1922-ல் துருக்கியில் தோற்று, வீடு வாசலை விட்டு ஓடிவந்த பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட கிரேக்க அகதிகளில் ஒரு பகுதி குடியேறிய பேட்டை அது. (பைரன் என்ற ஆங்கிலக் கவியின் பெயர்தான் கிரேக்க வாயில் வைரோனாஸ் ஆயிற்று.) அந்த முற்றத்தில் உள்ளவர்களுக்கு ஒவ்வொருவருக்கும் ஒரு கனவு. ஒருவருக்கு ஆஸ்திரேலியா, ஒருவருக்குச் சூதாட்டம். நடுவில் முற்றமே போய்விடுகிறது. அப்போது ஏதென்ஸில் ஒரு ஏற்பாடு பரவியிருந்தது. மனைக்காரர் இடத்தைக் கொடுப்பார்; கட்டட ஒப்பந்தக்காரர் மாடி வீடுகள் கட்டி, மனைக்குப் பதிலாக இரண்டு மூன்று வீடுகளை அவரிடம் கொடுத்துவிட்டு மற்றதை விற்றுக்கொள்வார். ரொக்கம் கைமாறாமல் ஊர் பூராவும் சிமிட்டியாக மாறியது. இருவருக்கும் லாபம். குடியிருந்தவர்களைப் பற்றி அந்த ஒப்பந்தத்தில் ஷரத்து கிடையாது. அந்த ஷரத்துத்தான் நாடகம்.

சினிமாவுக்கு எழுதிய அனுபவம் இந்த நாடகத்தில் தெரிகிறது. ஒருவரும் பிரசங்கம் செய்வதில்லை. துணி உலர்த்துகிறார்கள், சண்டை போடுகிறார்கள், கடன் கேட்கிறார்கள். நாடகக்காரர்கள் சினிமாவுக்குப் போனால் கெட்டுவிடுவார்கள் என்று சொல்வதுண்டு. இவர் அங்கே போய்ச் சிக்கனம் கற்றுக்கொண்டு வந்தார்.

இத்தனை நாளும் மௌத்தௌஸென் எங்கே இருந்தது? இதுதான் என்னை உறுத்துகிற கேள்வி. தன் கண்ணால் பார்த்ததை அவர் புத்தகமாக வெளியிட்டது 1963-ல். விடுதலையாகிப் பதினெட்டு வருஷம் கழித்து. எழுத்தாளர்கள் துன்பத்தைக் கண்டவுடன் காகிதத்தை எடுக்கிறவர்கள் என்று ஒரு அவதூறு உண்டு. இவரிடம் அது பலிக்காது. புத்தகத்தில் முகாமின் கொடுமை இருக்கிறது. ஆனால் பெரும்பகுதி, கதவு திறந்த பிறகு நடந்தது. லித்துவேனியாவிலிருந்து வந்த ஒரு யூதப் பெண்ணும் கதை சொல்பவரும் காதலிக்கிறார்கள். அந்தக் காதல் வளர்கிற இடம், கொலை நடந்த அதே இடங்கள். செத்தவர்களின் இடத்தை உயிருள்ளவர்கள் எப்படித் திரும்ப எடுத்துக்கொள்வது என்பதுதான் அவருக்கு விஷயம்.

அந்தப் புத்தகத்தை ஒட்டி நான்கு பாட்டுக்களும் எழுதினார். 1965-ல் மிக்கீஸ் தியோடொராக்கிஸ் இசையமைத்தார்; மரியா பரந்தூரி என்ற இளம்பெண் பாடினாள். ஒன்றில், ஒருவன் மற்ற முகாம்களின் பெண்களிடம் தன் காதலியைப் பார்த்தீர்களா என்று கேட்டுக்கொண்டு போகிறான். இன்னொன்றில் அந்த 186 படிகள் வருகின்றன. களைத்துவிட்ட ஒரு யூதனைக் காவலன் கொல்கிறான். அவன் சுமந்த கல்லையும் சேர்த்து நீயே தூக்கு என்று அந்தோனிஸ் என்ற கிரேக்கனுக்கு உத்தரவு. அந்தோனிஸ் அதைவிடக் கனமான கல்லாகப் பார்த்து எடுத்துக்கொள்கிறான். சினிமாவுக்கு எழுதிப் பழகிய கை இது. ஒரே ஒரு செய்கை, விளக்கம் கிடையாது.

1967 ஏப்ரலில் ராணுவக் கர்னல்கள் ஆட்சியைப் பிடித்தார்கள். சில வாரங்களில் தியோடொராக்கிஸின் இசை முழுவதையும் பாடவும் கேட்கவும் கூடாது என்று உத்தரவு போட்டார்கள். அந்த நான்கு பாட்டுக்களும் அதோடு போயின. கம்பனெல்லிஸ் சும்மா இருக்கவில்லை. 1968-ல் தம்முடைய சகோதரர் யோர்கோஸோடு சேர்ந்து ‘பீரங்கியும் வானம்பாடியும்’ என்ற படத்தைத் தாமே டைரக்ட் செய்தார். அது தனி வரலாறு. பெரிய அடி 1973-ல் விழுந்தது.

அந்த வருஷம் ஜூனில், பத்திஸியோன் தெருவில் உள்ள ஒரு கொட்டகையில், யென்னி கரேஸியும் அவர் கணவர் கோஸ்தாஸ் கஸாக்கோஸும் அவருடைய ‘நம்முடைய மாபெரும் ஸர்க்கஸ்’ என்ற நாடகத்தைப் போட்டார்கள். கிரீஸின் சரித்திரத்தைக் கோமாளிக் கூத்தாக நடத்திக் காட்டுவது. பிள்ளைகளைத் தின்கிற குரோனோஸ் தேவன் வருகிறான். பவேரியாவிலிருந்து இறக்குமதியான ஒட்டோ ராஜா வருகிறான். 1843-ல் ஜனங்கள் அரண்மனை வாசலில் திரண்டு அரசியல் சட்டம் கேட்டதும் வருகிறது. தணிக்கைக்காரர்கள் என்ன செய்வார்கள்? நூற்று முப்பது வருஷத்துக்கு முந்திய ஜனங்கள் கேட்ட அரசியல் சட்டத்தை எப்படி வெட்டுவது? கொட்டகையில் இருந்தவர்களுக்கு மட்டும் எந்த வருஷம் என்று சந்தேகமே இல்லை. ஒவ்வொரு இரவும் கூட்டம் நெரிந்தது. பாட்டுக்களுக்கு இசை ஸ்தாவ்ரோஸ் ஸர்ஹாக்கோஸ். பாடியவர் கிரீட் தீவுக்காரர் நிக்கோஸ் ஸிலூரிஸ்.

அதே பத்திஸியோன் தெருவில்தான் தொழில்நுட்பப் பல்கலைக்கழகம் இருக்கிறது. நவம்பரில் மாணவர்கள் அதற்குள் புகுந்து கதவை அடைத்துக்கொண்டார்கள். ஸிலூரிஸ் உள்ளே போய் அவர்களோடு பாடினார். 17-ந் தேதி விடியுமுன் ராணுவ டாங்கி இரும்புக் கதவை இடித்துக்கொண்டு உள்ளே நுழைந்தது. பிறகு நாடகக்காரர்களையும் பிடித்தார்கள். கரேஸியை ராணுவப் போலீஸ் காவலில் வைத்திருந்தார்கள். சினிமாவில் சிரித்து விளையாடுகிற செல்லப் பெண்ணாகத்தான் ஜனங்கள் அதுவரை அவரை அறிந்திருந்தார்கள். 1974 ஜூலையில் கர்னல்கள் விழுந்தார்கள். ஸர்க்கஸ் மறுபடியும் கூடாரம் போட்டது.

பிற்காலத்தில் கம்பனெல்லிஸுக்கு வேண்டியதெல்லாம் கிடைத்தது. எண்பதுகளில் அரசாங்க வானொலியின் நிர்வாகத்தில் இருந்தார். சர்வகலாசாலைகள் கௌரவ டாக்டர் பட்டங்கள் கொடுத்தன. பள்ளிச் சான்றிதழ் இல்லை என்று திருப்பி அனுப்பப்பட்டவரை ஏதென்ஸ் அகாதமி அங்கத்தினராக ஏற்றுக்கொண்டது. 2011 மார்ச் 29-ந் தேதி, எண்பத்தொன்பதாவது வயதில் காலமானார். ‘ஸ்தெல்லா’வின் கடைசிக் காட்சி இன்றும் கிரேக்கர்களுக்கு மனப்பாடம். மில்தோஸ் கத்தியைப் பிடித்துக்கொண்டு அவளைப் போகச் சொல்லுவானே, அந்த வசனத்தை அவர்கள் வேடிக்கையாகவும் கோபமாகவும் அன்றாடப் பேச்சில் போட்டுக்கொள்கிறார்கள்.